நெஸ்டர் தூக்காத விரல்

நெஸ்டர் பாபியுக்கின் பண்ணைக்கும் சிக்ரித் தோர்லாக்சனின் பண்ணைக்கும் நடுவே ஒரு மைலாக இருந்த சாலை, விதைப்பு முடிந்த வாரத்தில் மூன்று மைலாகிவிட்டது. முதலில் கண்டுபிடித்தவர் நகராட்சியின் கிரேடர் வண்டியை ஓட்டும் அர்லீன். ஒரு காபி ஆறுவதற்குள் மேடு பள்ளத்தைச் சமன் செய்துவிட்டுத் திரும்பக்கூடிய சாலையில், அன்று டீசல் தீர்ந்து நடுவழியில் நின்றார். இரண்டு பக்கமும் வேலி நீண்டிருந்தது. கம்பங்கள் புதிதாக நின்றன. ஒன்றின்மேல் பருந்து கூட உட்கார்ந்திருந்தது. சஸ்காட்சுவான் மாகாணத்தில் எங்கள் ஊரக நகராட்சிக்கு ஃபெர்ன்ஹில், அதாவது பெரணிக் குன்று, என்று பெயர். இங்கே பெரணியும் இல்லை, குன்றும் இல்லை, நிலம்தான் இருக்கிறது. அது இன்னும் கொஞ்சம் கூடியதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. மழை வரவில்லை என்பதுதான் அந்த வாரத்துப் பேச்சு.

காரணம் எல்லோருக்கும் தெரியும். எங்கள் பக்கம் எதிரே ஒரு வண்டி வந்தால் ஸ்டியரிங்கிலிருந்து ஆட்காட்டி விரலைத் தூக்க வேண்டும். முழுக் கையை ஆட்டுவது நகரத்துக்காரர்கள் செய்வது. எங்களுக்கு அது நடுத்தெருவில் நின்று அழுவதற்குச் சமம். ஒரு விரல் போதும். நலமா, கனோலாப் பயிர் முளைத்ததா, அம்மாவுக்குக் கண் ஆபரேஷன் ஆயிற்றா என்பதெல்லாம் அதில் அடக்கம். வேலித் தகராறில் தலைமுறையாகப் பேசாதவர்கள் கூட விரலை நிறுத்தியதில்லை. அப்படிப்பட்ட ஊரில், சிக்ரித்தின் வண்டி எதிரே வந்து, அவர் விரலும் முறைப்படி உயர்ந்தபோது, நெஸ்டர் ஒரு கையில் பூண்டு போட்ட இறைச்சிச் சாசேஜும் மறு கையில் ஸ்டியரிங்குமாகப் புழுதியைக் கிளப்பிக்கொண்டு போய்விட்டார்.

"என் புருஷன் செத்த அன்னிக்கு ஆம்புலன்ஸ் ஓட்டுன பையன் கூட விரலத் தூக்கினான்," என்று சிக்ரித் அர்லீனிடம் சொன்னார். "இவனுக்கு என்ன கேடு?"

நெஸ்டருக்குக் கேடு ஒன்றும் இல்லை; கல்யாணம் ஆகவில்லை, அவ்வளவுதான். சனிக்கிழமைதோறும் சிக்ரித்தின் சமையலறையில் உட்கார்ந்து காபி குடிப்பார். அவரிடம் சொல்ல ஒரு விஷயத்தைப் பல வருடமாக வைத்திருந்தார். அது இருக்கிற இடத்திலேயே இருந்தது. இப்போது மன்னிப்பும் அதோடு சேர்ந்துகொண்டது. அந்தச் சனிக்கிழமை மூன்று மைல் ஓட்டிப் போய் உட்கார்ந்தார். "காத்து அடிக்குது," என்றார். "அடிக்கத்தான் செய்யும்," என்றார் சிக்ரித். காபி குடித்தார், ஒழுகிய குழாயைச் சரிசெய்தார், கிளம்பினார். வீடு திரும்பும்போது சாலை நான்கு மைல். அடுத்த வாரம் போய், மழை வருமா என்று பேசினார்; சாலை ஐந்து. அவர் மன்னிப்பை விழுங்கிய ஒவ்வொரு முறையும் சாலை ஒரு மைல் வளர்ந்தது. சில வாரம் வெட்கத்தில் போகாமல் இருந்தார், அப்போது சாலையும் சும்மா இருந்தது. இரண்டு குளிர்காலத்துக்குள் நாற்பது மைல் ஆகிவிட்டது.

நகராட்சிக் கவுன்சில் கூடி, சர்வே வரைபடத்தின்படி அந்தச் சாலை ஒரு மைல்தான் என்று ஏகமனதாகத் தீர்மானம் போட்டது. கை தூக்கியவர்களில் இதை எழுதுகிறவனும் ஒருவன். சாலைக்குத் தகவல் தெரிவிக்கப்படவில்லை. தலைநகரிலிருந்து கருவியோடு ஓர் அதிகாரி வந்தார். கருவி ஒரு மைல் என்றது. பாதி வழியில் அவருக்குப் பசி வந்து, கூடப் போன அர்லீனின் மதிய உணவில் பாதியை வாங்கித் தின்றுவிட்டு, யாரிடமும் சொல்லிக்கொள்ளாமல் போய்விட்டார்.

ஆனால் நிலம் இருந்தால் ஆள் வரும். இருபதாவது மைலில் மணிலாவிலிருந்து வந்த டிமகுலாங்கன் குடும்பம் ஒரு சாப்பாட்டுக் கடையும் பெட்ரோல் பம்பும் வைத்தது. அதைச் சுற்றி வீடுகள் வந்தன. பிள்ளைகள் இல்லாமல் பூட்டிக் கிடந்த பள்ளிக்கூடத்தைப் பெயர்த்துக் கொண்டுபோய் அங்கே வைத்துத் திறந்தார்கள். பனித்தரையில் கல்லைச் சறுக்கிவிடும் கர்லிங் ஆட்டத்துக்கு நான்கு பேர் வேண்டும். பல குளிர்காலமாக மூன்று பேரும் ஒரு நாற்காலியுமாக ஆடிக்கொண்டிருந்த எங்கள் அணிக்கு நான்காவது ஆள் கிடைத்தார். நாற்காலியைவிட அவர் கொஞ்சம் சுமார்தான். இருந்தாலும் ஆள் ஆயிற்றே.

இப்படி இருக்கையில், சிக்ரித் பண்ணையை விற்றுவிட்டுப் பக்கத்து மாகாணமான மானிடோபாவில் தங்கையோடு போய் இருக்கப்போகிறார் என்று செய்தி வந்தது. நெஸ்டர் சவரம் செய்துகொண்டார். அதைக் கேள்விப்பட்டதுமே நகராட்சித் தலைவர் வால்டர் ஃப்ரீசன் அவர் வீட்டுக்கு ஓடினார். மன்னிப்பால் சாலை சுருங்கினால் கடை, பள்ளி, வீடுகள் எல்லாம் ஒரு மைலுக்குள் நசுங்கிவிடுமே என்பது அவர் பயம்.

"நெஸ்டர், ஊருக்காகக் கேக்கறேன். வாயத் தொறக்காத."

"நான் என்னிக்கு வால்டர் தொறந்திருக்கேன்?"

"அதத்தான்யா சொல்றேன். நல்லாத்தான போய்க்கிட்டிருக்கு!"

"அவ போயிடுவா."

"நாப்பது மைல் தள்ளி இருக்கறவ போனா உனக்கென்னய்யா?"

நெஸ்டர் சட்டைப் பித்தானைக் கழுத்துவரை போட்டுக்கொண்டு வண்டியை எடுத்தார். வால்டர் எல்லோருக்கும் போன் செய்தார். பள்ளிப் பிள்ளைகளைச் சாலையை விட்டு விலகியிருந்த வயலில் கொண்டுபோய் நிறுத்தினார்கள். இருபதாவது மைலில் நெஸ்டர் பெட்ரோல் போட நின்றபோது, கடை அலமாரி காலியாக இருந்தது. தட்டுகள் எல்லாம் துணி சுற்றித் தரையில் கிடந்தன. அவருக்கு வண்டியிலிருந்து இறங்கவே கூசியது. டிமகுலாங்கன் அம்மாள் காபியை ஜன்னல் வழியாகக் கொடுத்தார்.

"போங்கண்ணே. ஒடையறதையெல்லாம் எறக்கி வச்சிட்டேன். நீங்க சொல்லிட்டு வாங்க."

சிக்ரித்தின் சமையலறையில் அட்டைப்பெட்டிகள் அடுக்கியிருந்தன. நெஸ்டர் நின்றபடியே, "காத்து..." என்று ஆரம்பித்தார். வெளியே சாலை நெளிகிற சத்தம் கேட்டது. நிறுத்திக்கொண்டார்.

"அன்னிக்குக் கையில சாசேஜ் இருந்துச்சு," என்றார்.

"எந்தக் கையில?"

"வலது கையில."

"எடது கை எங்க போச்சு?"

"பள்ளம் வந்துச்சு. ஸ்டியரிங்கப் பிடிச்சிருந்தேன்."

"சாசேஜக் கீழ போட்டிருக்கலாம்ல?"

"போட்டிருக்கணும். தப்புதான் சிக்ரித்." அவர் காது சிவந்துவிட்டது. "நீ போகாத. நீ இல்லாம நான் எங்க போய்க் காபி குடிப்பேன்? காபிக்காகச் சொல்லல."

சிக்ரித் ஒரு பெட்டியைத் திறந்து, காகிதம் சுற்றிய இரண்டு கோப்பைகளை வெளியே எடுத்தார்.

"இதச் சொல்றதுக்கு நாப்பது மைலா?" என்றார்.

நெஸ்டர் திரும்பி வரும்போது சாலை ஒரு மைல்தான் இருந்தது. வழியில் கடையைக் காணோம், பள்ளியைக் காணோம். வீட்டுக்கு ஓடி, கடைக்குப் போன் செய்தார். தட்டுகளைத் திரும்ப அடுக்கிக்கொண்டிருக்கிறேன், ஒன்றும் உடையவில்லை, நீங்கள் ஏன் இன்னும் இந்தப் பக்கம் வரவில்லை என்று கேட்டார் டிமகுலாங்கன் அம்மாள். ஒரு வாரத்துக்குள் விஷயம் தெளிவாகிவிட்டது: அந்த இரண்டு பேருக்கு மட்டும் சாலை ஒரு மைல், மற்ற எல்லோருக்கும் நாற்பது. கவுன்சில் இந்த முறை தீர்மானம் எதுவும் போடவில்லை.

குளிர்காலம் வந்ததும் அந்தச் சாலையில் கிரேடரால் பனி தள்ளும் வேலையை நெஸ்டருக்கும் சிக்ரித்துக்கும் கொடுத்துவிட்டோம். அவர்கள் ஒரு மைல் தள்ளினால் நாற்பது மைலும் சுத்தமாகிவிடுகிறது. இருபதாவது மைலில் காலையில் கதவைத் திறப்பவர்கள், வண்டி எதுவும் போகாமலே பனி இரண்டு பக்கமும் ஒதுங்குவதைப் பார்த்துவிட்டு அடுப்பை மூட்டப் போகிறார்கள். கிரேடரில் ஓர் ஆளுக்குத்தான் இருக்கை, இரண்டு பேர் ஏறுவது விதிமுறைக்கு ஒவ்வாது என்று அர்லீன் மட்டும் ஆட்சேபித்தார். அது நியாயமாகப் பட்டதால், அகலமான இருக்கை ஒன்று போட்டுக் கொடுத்தோம்.