இருபத்தைந்து அமாவாசை

முதலில் யார் யார் எங்கே உட்கார்ந்திருந்தார்கள் என்று சொல்லிவிடுகிறேன். 1988 மார்ச் 30, புதன்கிழமை, காலை பத்து மணி. பழவேற்காட்டுக் கடைத்தெரு மாடியில் எங்கள் ஏரி ஆய்வு அலுவலகம், ஒரே அறை. சன்னலோரம் கம்ப்யூட்டருக்கு எதிரே சுராயா. அவளுக்கு வலப்பக்கம், அலுவலகத்தில் இருந்த ஒரே கைப்பிடி நாற்காலியில், மெட்ராஸ் கம்பெனியிலிருந்து வந்திருந்த தாமோதரன். பீரோவில் முதுகைச் சாய்த்துத் தரையில் மணியம்மாள். வாசற்படியில் படகுக்காரர் சிங்காரம். பீடி பிடிப்பவர் படியைத் தாண்டக் கூடாது, கம்ப்யூட்டருக்குப் புகை ஆகாது என்பது சுராயா போட்ட சட்டம். மேசையில் கோதண்டமாகிய நான், எழுத்தர். ஆறாவதாக ஒருவர் மத்தியானம் வந்தார். அவரை வரும்போது சொல்கிறேன்.

எங்கள் வேலை இதுதான். மணியம்மாள் சிங்காரத்தின் படகில் குப்பம் குப்பமாகப் போய், எந்த நாளில் எந்த இடத்தில் எவ்வளவு எறால் விழுந்தது என்று கேட்டுச் சீட்டில் எழுதி வருவாள். சுராயா அதைக் கம்ப்யூட்டரில் ஏற்றுவாள். எறால் எந்த நிலாவுக்கு முகத்துவாரத்துக்கு வருகிறது, எந்த நிலாவுக்கு ஏரிக்குள் ஏறுகிறது என்று கண்டுபிடிப்பதற்காக இரண்டு வருடமாக நடந்த ஆய்வு. ஆறாயிரம் சீட்டு சேர்ந்திருந்தது.

பிப்ரவரியில் கம்பெனியிடமிருந்து கடிதம் வந்தது. கம்ப்யூட்டரை எழுப்பி வேலை வாங்குவதற்கு ஒரு பிளாப்பி உண்டு, அதைச் சிஸ்டம் என்பார்கள். எங்களிடம் இருந்த பழைய சிஸ்டத்துக்கு மார்ச் 31க்குப் பிறகு ஆள் அனுப்ப மாட்டோம், கேள்வி கேட்டால் பதிலும் தர மாட்டோம், அதற்குள் புதியதுக்கு மாறிக்கொள்ளுங்கள் என்று எழுதியிருந்தார்கள். தலைமை அலுவலகம் அதன்மேல் இன்னொரு கடிதம் போட்டது. கணக்கு முழுவதும் புதிய சிஸ்டத்துக்குச் சரியாக வந்து சேர்ந்தது என்று எழுத்தர் கையெழுத்திட்டுத் தெரிவிக்க வேண்டும். தவறினால் கம்ப்யூட்டர் மெட்ராசுக்குத் திரும்பும், ஆபரேட்டர் வேலை 31ஆம் தேதியோடு முடியும். ஆபரேட்டர் என்றால் சுராயா. உப்புக்காற்று படாமல் அந்தக் கம்ப்யூட்டருக்குத் தன் பெருநாள் துணியில் மிச்சம் பிடித்து, ஓரத்தில் சரிகை வைத்து உறை தைத்துப் போட்டிருந்தவள்.

"மிஸ், மாத்தறதுக்கு முன்னாடி நாலு வரி படிங்க. நாலரை பஸ்ஸை விட்டா எனக்கு வேற போக்கில்லை" என்றார் தாமோதரன்.

சுராயா அச்சடித்த தாளைப் பிரித்துப் படித்தாள். "மார்ச் மூணு, வியாழன். முகத்துவாரம். வெள்ளை எறால், அறுபத்திரண்டு கிலோ."

மணியம்மாள் வெற்றிலை மெல்லுவதை நிறுத்தினாள். "இன்னாம்மா சொன்ன? என்னிக்கு?"

"மார்ச் மூணு, வியாழக்கிழமைக்கா."

"அன்னிக்கு மாசி மகம்மா! சாமியே கடலுக்கு வந்து குளிச்சுக்கினு கீது, எவன் ஏரில வலை போட்டான்? ஊரே கரையில நின்னுக்கினு இருந்துச்சே."

"நான்தான் சாமி தூக்குனேன்" என்றார் சிங்காரம் படியிலிருந்து. "தோளு இன்னும் வலிக்குது."

"எது, நீ தூக்குன? பின்னாடி ஒத்தக் கைய வெச்சுக்கினு சும்மா நடந்த. நான் பார்த்தேன்."

நான் விடுப்புப் பதிவேட்டைப் புரட்டினேன். மார்ச் 3, மணியம்மாள், விடுப்பு, காரணம் மாசி மகம். என் கையெழுத்தேதான்.

சுராயா பீரோவைத் திறந்து அந்தச் சீட்டைத் தேடி எடுத்தாள். நிலா நாள் என்ற கட்டத்தில் 13 என்று இருந்தது. "பிறை பதிமூணு. மார்ச் மூணுதானேக்கா வருது?"

"பிறையா? அமாவாசை கழிச்சு பதிமூணும்மா. அமாவாசைக்கு மறுநாள் ஒண்ணு. எங்க சனம் அப்டித்தான் எண்ணும்."

"எங்க வூட்ல பிறை கண்ணுக்குத் தெரிஞ்சாத்தான் ஒண்ணு."

இருவரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். பிறகு இருவரும் என்னைப் பார்த்தார்கள்.

அந்தச் சீட்டைத் தயார் செய்தவன் நான். நிலா நாள் என்று கட்டம் போட்டவனும் நானே. எந்த நாளிலிருந்து எண்ணுவது என்று நான் யாரையும் கேட்கவில்லை. கேட்க வேண்டும் என்றே தோன்றவில்லை. இரண்டு வருடமாக மணியம்மாள் கொண்டுவரும் மீன்குழம்பைச் சுராயா சாப்பிடுகிறாள், இவள் வீட்டுப் பெருநாள் சேமியாவை அவள் தூக்குச்சட்டியில் கொண்டுபோகிறாள். நாள் எண்ணுவது மட்டும் இருவருக்கும் வேறு வேறு என்று ஒருவருக்கும் தெரியவில்லை. பழைய சிஸ்டம் தேதி கேட்காது; பதின்மூன்று என்றால் பதின்மூன்று என்று வாங்கி வைத்துக்கொள்ளும். புதியது இங்கிலீஷ் தேதி இல்லாமல் எதையும் வாங்காது என்று கம்பெனி எழுதியிருந்ததால், சுராயா மூன்று வாரம் உட்கார்ந்து ஆறாயிரம் சீட்டுக்கும் தேதி போட்டிருந்தாள். எல்லாம் பிறைக் கணக்கில். ஒரு மாதம் ஒரு நாள் தள்ளிப் போயிருக்கும், ஒரு மாதம் இரண்டு நாள்.

"ரெண்டு நாள்தானே சார்?" என்றார் தாமோதரன் என்னிடம். "கிலோ சரியா இருக்கு. இப்படியே மாத்திட்டு, சரின்னு எழுதிடுங்க. மெட்ராஸ்ல யாருக்கு மாசி மகம் ஞாபகம் இருக்கப்போவுது?"

எனக்கும் அந்த ஆசை வந்தது. மறைக்க வேண்டியதில்லை. எதிரே உட்கார்ந்திருந்த பெண்ணின் வேலை என் ஒரு கையெழுத்தில் இருந்தது.

சுராயா சரிகை உறையை எடுத்து மடித்து மடியில் வைத்துக்கொண்டாள். "நாளையோட என் வேலை போவும்னு எனக்கும் தெரியும் சார். ஆனா இது எந்த நிலாவுக்கு எறால் வருதுன்னு பார்க்கிற கணக்கு. நிலாவே தப்புன்னா அப்புறம் இன்னா கீது இதுல? நீங்க சரின்னு எழுதினா நான் இதுக்கு முன்னாடி உக்கார மாட்டேன்."

தாமோதரன் பேனாவால் முழங்காலைத் தட்டினார். "எத்தனை பைலா வச்சிருக்கீங்க மிஸ்?"

"நிலாவுக்கு ஒண்ணு. இருபத்தஞ்சு."

"அப்போ ஆறாயிரத்தையும் எதுக்குத் திருத்தணும்? ஒரு பைல் பூரா ஒரே அளவுதானே தள்ளியிருக்கும்? இருபத்தஞ்சு அமாவாசையும் எந்தெந்தத் தேதின்னு தெரிஞ்சாப் போதும், பத்து வரியில கழிச்சுடலாம்."

என்னிடம் போன வருடத்துப் பஞ்சாங்கம் ஒன்றுதான் இருந்தது. தினசரி காலண்டர் என்றால் அன்றன்றைக்குக் கிழித்துப் போட்டாயிற்று. சுவரில் மிஞ்சியிருந்தது அட்டை மட்டும்.

"பாடு நோட்டு" என்றாள் மணியம்மாள்.

ஏரியில் யார் எந்த இடத்தில் எந்த நாளில் வலை போடுவது என்ற முறைக்குப் பாடு என்று பெயர். மணியம்மாளின் குப்பத்தில் அமாவாசைக்கு அமாவாசை ஊர் கூடி அதைத் தேதி போட்டு ஒரு நோட்டில் எழுதிவைப்பார்கள்.

"நோட்டு ஊர வுட்டு வராதே" என்றார் சிங்காரம்.

"தனியா வராது. ஆளோட வரும். போய்க் கூட்டிக்கினு வா. சாமி தூக்குன தோளு, துடுப்பு வலிக்காதா?"

சிங்காரம் பீடியை அணைத்துவிட்டு இறங்கினார். திரும்பி வரும்போது மணி ஒன்றேகால். கூட வந்தவர் இருசம்மாள், ஊர்த் தலைவரின் மனைவி. ஆண்கள் எல்லோரும் ஏரிக்குப் போயிருந்தார்கள். மஞ்சள் துணியில் கட்டிய நோட்டை இடுப்பில் குழந்தையைப் போல் வைத்துக்கொண்டு வந்தார். நான் எழுந்து என் நாற்காலியைக் கொடுத்தேன். அவர்தான் நான் சொன்ன ஆறாவது ஆள்.

"யாரும் தொடக் கூடாது. நான் பிரிச்சுக் காட்டுவேன், நீ படிச்சுக்கோ" என்றார் சுராயாவிடம். பிறகு திரையைப் பார்த்து, "இது டிவியா? படம் எப்ப போடுவாங்கோ?"

"இதுல எறால் மட்டும்தான் வரும் ஆயா."

"அத்த நான் ஊர்லயே பார்த்துக்கிறேன்."

அவர் பக்கம் பக்கமாகப் பிரித்துப் பிடிக்க, சுராயா தேதிகளைச் சொல்ல, நான் எழுதினேன். ஒரே ஒரு பக்கத்தில் தேதி இல்லை. அன்றைக்கு ஊரில் தகராறு, எழுதியவன் கோபித்துக்கொண்டு பாதியிலேயே எழுந்து போய்விட்டான் என்றார் இருசம்மாள். நல்ல வேளையாக அது போன வருடம். என் பஞ்சாங்கத்தில் இருந்தது. இருபத்தைந்தும் சேர்ந்துவிட்டது.

தாமோதரன் பத்து வரி எழுதினார். சுராயா எட்டிப் பார்த்து, "கூட்டிட்டீங்க சார், கழிக்கணும்" என்றாள். அவர் நாக்கைக் கடித்துக்கொண்டு திருத்தினார். ஒவ்வொரு பைலாகத் திருத்தி முடிக்க இரண்டரை ஆயிற்று. நடுவில் ஒரு தடவை விளக்கு மங்கியது. மின்சாரம் போகவில்லை.

பிறகு அவர் பழைய பிளாப்பியை எடுத்துவிட்டுப் புதியதைப் போட்டார். அது கரகரவென்று சத்தம் போட்டு எழுந்தவுடன் முதல் வேலையாக, இன்றைக்கு என்ன தேதி என்று கேட்டது.

"இன்னிக்கு இன்னா நாள்னு கேக்குது" என்றாள் சுராயா.

"பன்னெண்டு" என்றார் இருசம்மாள் உடனே.

"பிறை பதினொண்ணு" என்று சுராயாவின் வாயில் தானாக வந்தது. அறையே சிரித்தது, தாமோதரன் உள்பட. அவள் முப்பது, மூன்று, எண்பத்தெட்டு என்று அடித்தாள்.

கணக்குகள் ஒவ்வொன்றாகப் புதிய சிஸ்டத்துக்கு வந்து சேர்ந்தன. முடிந்ததும் மார்ச் மூன்றைக் கேட்டுப் பார்த்தாள். திரையில் ஒரு வரியும் இல்லை. ஒரு கிலோ, அரைக் கிலோகூட இல்லை. மார்ச் ஒன்றைக் கேட்டாள். அறுபத்திரண்டு கிலோவும் அங்கே இருந்தது.

"பாரேன்" என்றார் இருசம்மாள், கன்னத்தில் போட்டுக்கொண்டு. "பொட்டிக்கும் மாசி மகம் தெரிஞ்சுபூட்ச்சு."

மணி மூன்று நாற்பது. தலைமை அலுவலகத்துக்குக் கடிதம் எழுத உட்கார்ந்தேன். இருசம்மாள் நாற்காலியை விடவில்லை, ஆகவே பீரோ மேல் தாளை வைத்து நின்றபடி எழுதினேன். கணக்கு சரியாக வந்து சேர்ந்தது என்று முதல் வரி. வழியில் நேர்ந்ததைச் சொல்லாமல் விடக் கூடாது என்று, பிழை நான் தயாரித்த சீட்டினால் வந்தது என்று இரண்டாவது வரி.

"அது இல்ல சார். தேதி போட்டது நான். என் தப்புன்னு எழுதுங்க" என்றாள் சுராயா.

"சீட்டு என்னுடையதும்மா."

"கேட்டிருக்கணும் நான்."

"இன்னா ரைட்டரே இது பேஜாரு" என்றாள் மணியம்மாள். "என் தப்பு, உன் தப்புன்னு அடிச்சுக்கிறீங்களே, எங்க கணக்கு சரின்னு ஒரு வரி எழுத ஆளக் காணோமே?"

எழுதினேன். குப்பத்தார் அமாவாசைக்கு மறுநாளிலிருந்து எண்ணிச் சொன்ன நாட்கள் யாவும் சரியே என்றும், பிழையைக் கண்டவர் மணியம்மாள் என்றும், இருபத்தைந்து அமாவாசைத் தேதிகளில் இருபத்து நான்கு குப்பத்தின் பாடு நோட்டிலிருந்தும் ஒன்று மட்டும் பஞ்சாங்கத்திலிருந்தும் எடுக்கப்பட்டன என்றும் எழுதினேன். கடைசியாக, தவறான கணக்கைச் சரியென்று அனுப்பச் சம்மதிக்காத ஆபரேட்டர் சுராயா இதே வேலையில் தொடர வேண்டும், இந்தக் கணக்கை அவரைப்போல் அறிந்தவர் வேறு எவரும் இல்லை என்று எழுதி, அடியில் கோடிட்டேன். படித்துக் காட்டினேன். சுராயா கம்ப்யூட்டருக்கு உறையைப் போட்டு, சரிகை நேராக விழும்படி இழுத்துவிட்டாள்.

மணியம்மாள் பெயரைக் கூட்டிக்கூட்டி எழுதிக் கையெழுத்துப் போட்டாள். இருசம்மாள் கேட்காமலே கட்டைவிரலை நீட்டினார். தாமோதரன் சாட்சிக்குக் கையெழுத்திட்டு, நாளைக் காலையில் தானே கொண்டுபோய்க் கொடுப்பதாகச் சொன்னார்.

நான்காக மடித்து உறையில் இட்டேன். பசை காய்ந்து போயிருந்ததால் மணியம்மாள் தன் தூக்குச்சட்டியிலிருந்து ஒரு பருக்கைச் சோற்றை எடுத்துத் தேய்த்து ஒட்டினாள். மேலே அரக்கை உருக்கி, அலுவலக முத்திரையை வைத்து அழுத்தினேன். சிங்காரம் தாமோதரனின் பெட்டியைத் தோளில் வைத்துக்கொண்டு முன்னால் ஓட, அவர் கடிதத்தைச் சட்டைக்குள் செருகிக்கொண்டு பின்னால் ஓடினார். நாலரை பஸ் திருப்பாலைவனம் பக்கம் திரும்பும்வரை நாங்கள் நாலு பேரும் சன்னலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தோம்.