மருத்துவச்சியின் விலை

ஓஷ் சந்தைக்குப் பின்னால் இருந்த கணினி விளையாட்டுக் கடையில் தெமிர்லானுக்கு வியர்த்துக்கொட்டியது. திரையில் அவனுடைய குடியிருப்பே காய்ச்சலில் கிடந்தது. ஒரே மருத்துவச்சியோ, பக்கத்து நாற்காலியில் விளையாடும் குபாத்தின் சிறையில் இருந்தாள்.

“ரெண்டு கைதி தர்றேன். அவள விடுடா.”

“உன் ரெண்டு பேருக்கும் சேர்த்து மூணு கால்தான் இருக்கு. நாலு பேர் கொடு.”

இருவரும் ஆட்டுச் சந்தையில் வளர்ந்தவர்கள். அங்கே பேரம் முறுகினால் வாங்க வந்தவன் நடையைக் கட்டுவான், விற்பவன் கூப்பிடுவான். தெமிர்லானும் எழுந்தான். “உன் சரக்கை நீயே வச்சுக்கோ!” என்று வாசல்வரை போனான். முதுகெல்லாம் காதாக இருந்தது. குபாத் கூப்பிடவில்லை. சம்சாவைக் கடித்தபடி திரையையே பார்த்துக்கொண்டிருந்தான்.

தெமிர்லான் திரும்பி வந்தான். “சரி, நாலு பேரையும் எடுத்துக்கோ.”

“லேட்டுடா மாப்ள. நீ வீராப்பா நடந்தப்போ என் காவல்காரன் பேசிப் பேசியே அவள எங்க பக்கம் சேர்த்துட்டான். கைதியை விக்கலாம். சொந்த ஆளை எப்படிடா விக்கிறது?”

தெமிர்லானின் திரையில் ஒரு நோயாளி அசைவற்றுப் போனான்.

“வைத்தியம் பாக்கவாவது அனுப்பு. என்ன கேக்குற?” என்றான். இந்த முறை நாற்காலியை இறுகப் பிடித்துக்கொண்டான்.