பாண்டிச்செல்வி சொன்ன வீடு

கோவில்பட்டியில் எட்டயபுரம் ரோட்டிலிருந்து உள்ளே திரும்பினால் பூவனலிங்கம் அண்ணாச்சியின் ஹார்டுவேர் கடை. பாண்டிச்செல்வி அங்கே வேலைக்குச் சேர்ந்து ஒன்பது வருஷம் ஆகிவிட்டது. ஆரம்பத்தில் ஆணி நிறுத்துப் போடுவதும் பைப் எடுத்துக் கொடுப்பதுந்தான் வேலை. பிறகு கரண்டைக் குறைவாக இழுக்கிற ஃபேன், தண்ணீரை மிச்சம் பிடிக்கிற குழாய், மொட்டைமாடிக்கு அடிக்கிற வெள்ளைப் பெயிண்டு என்று புதுப்புதுச் சாமான்கள் வந்து இறங்கின. அவற்றின் பெட்டிகளில் பொடி எழுத்தில் இருந்ததையெல்லாம் உட்கார்ந்து வாசித்த ஆள் கடையில் அவள் ஒருத்திதான். அண்ணாச்சி அந்தப் பக்கத்து மேசையை அவளிடமே விட்டுவிட்டார்.

வாசித்ததைச் சொன்னால் மட்டும் வியாபாரம் ஆகாது என்பது அவளுக்குச் சீக்கிரமே தெரிந்துவிட்டது. எத்தனை வாட், எத்தனை லிட்டர் என்று அவள் சொல்வதையெல்லாம் ஆட்கள் தலையை ஆட்டிக் கேட்பார்கள். கேட்டுவிட்டு, கடைசியில் ஒன்றே ஒன்று கேட்பார்கள். "உங்க வீட்ல என்ன போட்டிருக்கீங்க?"

முதல் தடவை அப்படிக் கேட்டது எல்இடி பல்புக்கு. "எங்க வீட்லயும் இதான்" என்றாள். அது உண்மை. வாடகை வீட்டில் பல்பு மாற்ற யாரிடமும் கேட்க வேண்டியதில்லை. அடுத்து ஒருவர் ஃபேனுக்குக் கேட்டார். அவள் குடியிருந்த வீட்டில் தொங்கியது வீட்டுக்காரர் மாட்டிவிட்ட பழைய ஃபேன், ஓடினால் பேச்சுக் கேட்காது. ஆனாலும் வாய் தானாக, "எங்க வீட்ல இதான் அண்ணே, சத்தமே கிடையாது" என்றது. அவர் இரண்டு வாங்கிப் போனார்.

அதன்பிறகு அந்த வீடு வளர ஆரம்பித்தது. மாடிக்கு வெள்ளைப் பெயிண்டு அடித்தாள். மழைத்தண்ணீர் இறங்க பைப் வைத்து, அடியில் வடிகட்டி மாட்டினாள். பாத்திரம் கழுவுகிற தண்ணீரை ஒரு முருங்கைக்குத் திருப்பிவிட்டாள். கேட்க ஆள் இல்லாத நேரத்திலும் அதைப் பற்றி யோசித்தாள். அடுப்படி ஜன்னலை முதலில் கிழக்கே வைத்திருந்தாள். காலை வெயில் அடுப்புக்கு நேராக அடிக்குமே என்று தோன்ற, ஒரு வாரம் யோசித்து வடக்கே மாற்றினாள்.

அவளும் செல்வக்குமாரும் உண்மையில் குடியிருந்தது ஒரு மாடியில், சிமெண்டு ஷீட்டுக்குக் கீழே. செல்வக்குமார் லோடு ஆட்டோ ஓட்டுகிறான். கல்யாணமாகிப் பதினோரு வருஷத்தில் அது ஆறாவது வீடு. எந்த வீட்டிலும் சுவரில் ஓர் ஆணி அடிக்கக் கேட்டுத்தான் அடிக்க வேண்டும். "நமக்கு எதுக்குட்டி சொந்த வீடு, காத்தோட்டமா வீடு வீடா மாறுவோம்" என்பான் அவன், வேடிக்கையாக. அவள் தனக்கு ஒரு வீடு இருப்பதை அவனிடம் சொன்னதில்லை.

மாசி மாதம் ஒரு நாள் சுடலையம்மாள் கடைக்கு வந்தாள். புதூர்ப் பக்கம் ஒரு கிராமம். ஐம்பது வயதிருக்கும். ஆடு மேய்க்கிற குடும்பம் என்பது தழை இழுக்கிற தொரட்டிக் கம்பு அவள் தோளில் பதித்திருந்த தழும்பிலேயே தெரிந்தது. வீட்டு வெக்கையைக் குறைக்க ஏதோ பெயிண்டு இருக்கிறதாமே என்று கேட்டாள்.

பாண்டிச்செல்வி டப்பாவை எடுத்து வைத்தாள். "என்ன வீடுக்கா?"

"தொகுப்பு வீடு. கவுருமெண்டு கட்டிக் குடுத்தது. கை தூக்குனா மச்சு தட்டும். மத்தியானம் உள்ள போனா ஈரக்கொலை வெந்துரும்."

"எத்தன பேரு இருக்கீங்க?"

"நான் இருக்கேன். எங்க வீட்டுக்காரவிய வயக்காட்டுல ஆட்டுக் கிடை போட்டுட்டு வெளியூர்ல கெடப்பாவ. அஞ்சாறு மாசத்துக்கு ஒருக்க வருவாவ. வந்தாலும் உள்ள படுக்க மாட்டாவ. வேப்பமரத்தடி, இல்லன்னா ஆட்டுப் பட்டி. வீடு வந்து பதினாலு வருசமாச்சு. அவியளுக்கு அந்த வீட்டுக்குள்ள ஒரு நா ஒறக்கம் கிடையாது." டப்பாவைக் கையில் எடுத்துப் பார்த்தபடி, "வெக்கைதான் காரணங்காவ. அதையும் பாத்துருவோமேன்னு வந்தேன்" என்றாள்.

பாண்டிச்செல்விக்கு அந்த அம்மாளைப் பிடித்துப்போனது. மாடியைக் கழுவி, முதலில் ஒரு பூச்சு, காய்ந்தபிறகு இரண்டு பூச்சு, வெயில் ஏறுமுன் அடித்து முடிக்க வேண்டும் என்று எல்லாம் விளக்கினாள். "எங்க வீட்ல அடிச்சு மூணு வருசமாச்சுக்கா. சித்திரைல கூட கால் வச்சா சுடாது" என்றாள். அதோடு நிறுத்தியிருக்கலாம். வாய் சும்மா இருக்கவில்லை. மழைத்தண்ணீருக்கும் ஒரு வழி செய்யச் சொல்லி, தன் வீட்டுக் கொல்லையில் வெட்டிய உறிஞ்சுகுழியைப் பற்றிச் சொன்னாள். எவ்வளவு மழை பெய்தாலும் அரை மணி நேரத்தில் குடித்துவிடும் என்றாள்.

சுடலையம்மாள் டப்பாவைக் கீழே வைத்தாள். "உங்க வீடு எந்த மண்ணு?"

"கரிசல்தான்."

"கரிசல்ல குழி தண்ணி குடிக்குதா?"

"குடிக்குதுக்கா."

"ரெண்டு மழையில மண்ணு ஊதி, குழி வாயை மூடிக்கிடுமே தாயி. எங்க ஊர்ல பஞ்சாயத்துல வெட்டுனதெல்லாம் கொசுதான் குடிக்கி." அவள் குரலில் கேலி இல்லை. தெரிந்துகொள்ளும் ஆசைதான் இருந்தது. "அப்படி ஒரு குழி இருந்தா நான் பாக்கணும். பெயிண்டையும் பாத்துக்கிடுதேன். ஞாயித்துக்கிழமை வாரேன். உன் வீட்டைக் காட்டு, பாத்துட்டு வாங்கிக்கிடுதேன்."

மேசைக்கு அந்தப் பக்கம் அண்ணாச்சி கேட்டுக்கொண்டிருந்தார். "காட்டிரு செல்வி" என்றார்.

அந்த வாரம் முழுக்க அவள் தப்பிக்க வழி தேடினாள். தான் ஊருக்குப் போய்விட்டதாகக் கடையில் சொல்லச் சொல்லலாம். இல்லையென்றால், அவளிடம் பெயிண்டு வாங்கிய டீச்சர் கிருஷ்ணப்ரியாவின் வீடு இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை அவர்கள் கோயிலுக்குப் போய்விடுவார்கள், வெளியே நின்று மாடியைக் காட்டி, சாவி செல்வக்குமாரிடம் இருக்கிறது என்றால் போதும். சனிக்கிழமை சாயங்காலம் டீச்சரின் தெருமுனை வரைக்கும் போய் நின்று பார்த்தாள். வெள்ளை மாடி தெரிந்தது. ஜன்னல் மேற்கே பார்த்து இருந்தது. தன் வீடு இதில்லை என்று மனசு ஒட்டாமல் நின்றது. திரும்பி வந்துவிட்டாள்.

ஞாயிற்றுக்கிழமை பதினோரு மணிக்குச் சுடலையம்மாள் பஸ் ஸ்டாண்டில் இறங்கினாள். கையில் ஒரு மஞ்சப்பை. "புது உளுந்து. ஒரு வீட்டுக்கு மொதமொதல்ல போகயில வெறுங்கையோட போகப்பிடாதுல்லா" என்றாள்.

காத்து நின்ற பாண்டிச்செல்வி முன்னே நடந்தாள். படியேறி, கதவைத் திறந்து, விலகி நின்றாள். செல்வக்குமார் லோடு எடுத்துத் தூத்துக்குடி போயிருந்தான். ஷீட்டின் அனல் தலைக்கு மேலே நின்றது. சுடலையம்மாள் அண்ணாந்து பார்த்தாள். அறையைச் சுற்றிப் பார்த்தாள், அது நாலு பார்வையில் முடிந்துவிட்டது.

"இதுதான்க்கா நான் இருக்கிற வீடு. வாடகை."

"பெயிண்டு?"

"அடிக்கல. ஷீட்டுல கை வைக்க விட மாட்டாவ."

"குழி?"

"இல்ல."

"நீ சொன்ன வீடு?"

"அது எங்கயும் இல்லக்கா."

சுடலையம்மாள் தரையில் உட்கார்ந்தாள். பாண்டிச்செல்வி தண்ணீர் மோந்து கொடுத்தாள். அவள் செம்பு முழுக்கக் குடித்தாள்.

"எத்தன வருசமா சொல்லிட்டுத் திரியுத?"

"ஏழெட்டு வருசமா."

"ஒருத்தரும் பாக்கணும்னு கேக்கலையா?"

"கேக்கலக்கா."

"ஆட்டை அடுத்தவகிட்ட விட்டுட்டு, ரெண்டு பஸ் மாறி வந்திருக்கேன்." அவள் சத்தம் போடவில்லை. போட்டிருந்தால் தேவலை என்று இருந்தது பாண்டிச்செல்விக்கு. "சரி. பெயிண்டு பத்திச் சொன்னதாவது நெசமா, அதுவும் இதுதானா?"

"பெட்டில எழுதியிருக்கது நெசம். வாங்குனவிய தங்கச்சி வீட்டுக்கு, மாமியா வீட்டுக்குன்னு திரும்ப வந்து வாங்குதாவ. அதுவும் நெசம். நான் அதுக்குக் கீழ படுத்ததில்ல."

சுடலையம்மாள் எழுந்து பையை எடுத்துக்கொண்டு வாசல் வரைக்கும் போனாள். பிறகு திரும்பி வந்து உளுந்தை அடுப்புத் திட்டில் வைத்தாள். "கொண்டாந்ததைத் தூக்கிட்டுப் போவக்கூடாது" என்று சொல்லிவிட்டுப் படியிறங்கிப் போனாள்.

அதற்கப்புறம் பாண்டிச்செல்வி கடையில் யாரிடமும் வீட்டைப் பற்றிச் சொல்லவில்லை. கேட்டவர்களிடம், "நாங்க வாடகைதான், மாத்த முடியாது" என்றாள். சிலர் யோசித்துவிட்டு வருகிறோம் என்று போனார்கள். அண்ணாச்சி இரண்டொரு தடவை நிமிர்ந்து பார்த்துவிட்டுக் கணக்கு நோட்டுக்குத் திரும்பினார். வியாபாரம் குறைந்ததைவிட இன்னொன்றுதான் அவளை வருத்தியது. அரிசி களைகிறபோதும் பஸ்ஸில் போகிறபோதும் அந்த வீட்டுக்குள் போகப் பார்த்தாள், போக முடியவில்லை. அடுப்படி ஜன்னல் எந்தப் பக்கம் என்றுகூடத் தீர்மானமாக வரவில்லை. யாரோ காலிசெய்து கொண்டு போன மாதிரி இருந்தது. இல்லாத ஒன்றுக்கு இப்படி ஏங்க முடியுமா என்று அவளுக்கே வெட்கமாக இருந்தது. உளுந்தை ஊறப்போட மனசு வராமல் டப்பாவில் போட்டு மூடிவைத்தாள்.

மூன்று வாரம் கழித்துச் சுடலையம்மாள் கடை வாசலில் நின்றாள்.

"ரெண்டு டப்பா எடு" என்றாள். "எங்க ஊர்ல பள்ளிக்கூடத்துக்கு இந்தப் பெயிண்டு அடிச்சிருக்காவ. நானே போய் உள்ள உக்காந்து பாத்தேன். பரவால்ல. என் வீட்டுக்கு ஒத்து வரலன்னா கடை முன்னாடி வந்து நின்னு ஏசுவேன். பாத்துக்க."

"ஏசுங்கக்கா." பாண்டிச்செல்வி டப்பாக்களைத் துடைத்து வைத்தாள். பிறகு, "குழி வெட்டாதீங்க. நான் கொத்தனார்ட்ட கேட்டேன். நீங்க சொன்னதுதான் சரி, கரிசல்ல நிக்காது. மாடித் தண்ணிய ஒரு தொட்டியில பிடிங்க. பெயிண்டு காஞ்சு, மொத ரெண்டு மழையையும் வெளிய விட்டுருங்க. அதுக்குப் பெறவு பிடிக்கது ஆட்டுக்கு ஆகும்" என்றாள்.

சுடலையம்மாள் அவளையே பார்த்தாள். "சித்திரைல வா. வந்து கீழ படுத்துப் பாரு. பெறவு நாலு பேர்ட்ட சொல்லு."

சித்திரை இரண்டாவது ஞாயிறு பாண்டிச்செல்வி போனாள். பஸ் இறக்கிவிட்ட இடத்திலிருந்து ஒரு கிலோமீட்டர் நடை. இருபுறமும் அறுப்பு முடிந்த கரிசல், கால் நுழைகிற அளவுக்கு வெடித்துக் கிடந்தது. தூரத்திலேயே வரிசையாக இருந்த தொகுப்பு வீடுகளில் ஒன்று மட்டும் கண்ணைக் கூசவைத்தது.

உள்ளே போனதும் அவள் எதிர்பார்த்த மாதிரி ஜில்லென்றெல்லாம் இல்லை. ஆனால் அனல் இல்லை. மேலே இருந்து ஒன்றும் அமுக்கவில்லை. கையைத் தூக்கி மச்சைத் தொட்டுப் பார்த்தாள். தொட்ட கையை எடுக்காமலே வைத்திருக்க முடிந்தது.

சுடலையம்மாள் மோரும் ஒரு துண்டு கருவாடும் கொடுத்தாள். சாப்பிட்டு முடித்ததும் பாண்டிச்செல்வி கேட்டாள். "அவிய வந்தாவளாக்கா?"

"பங்குனில வந்தாவ, ஒரு கல்யாணத்துக்கு. மத்தியானம் சாப்ட்டுட்டு அந்தா, அந்தச் சொவத்தோரம் படுத்தாவ. நாலு மணிக்குத்தான் எந்திரிச்சாவ. நான் வாசல்ல உக்காந்து பாத்துட்டே இருந்தேன், ஈ ஓட்டிக்கிட்டு."

"ராத்திரி?"

"ராத்திரி பாயைச் சுருட்டிக்கிட்டு பட்டிக்குப் போயிட்டாவ. ஆடு தேடுமாம்." சுடலையம்மாள் சிரித்தாள். சிரிப்பு பாதியிலேயே நின்றது. "பதினாலு வருசமா வெக்கையத்தான் ஏசிட்டு இருந்தேன். ஆனா மத்தியானம் படுத்தாவல்லா. அடுத்து ஆடிக்கு வருவாவ. பாப்போம்."

வெளியே ஒரு குட்டி கத்தியது. அவள் எழுந்தாள். "தண்ணி காட்டிட்டு வாரேன். நீ சாஞ்சிரு. அஞ்சு மணிக்கு பஸ்ஸு. அத விட்டா ஏழரைதான்."

பாண்டிச்செல்வி பாய் விரிக்காமல் வெறுந்தரையில் படுத்தாள். முதுகுக்குத் தரை குளிர்ச்சியாக இருந்தது. கொஞ்ச நேரம் வழக்கம்போல மனசு ஓடியது. இந்தச் சுவரில் ஒரு ஜன்னல் வைக்கலாம், அலமாரியை அந்தப் பக்கம் தள்ளலாம். பிறகு அதை விட்டுவிட்டாள். இது சுடலையம்மாளின் வீடு. ஒரு மனுஷனுக்காகக் காத்துக்கிடக்கிற வீடு. இதில் அவள் மாற்றுவதற்கு எதுவும் இல்லை.

எப்போது தூங்கினாள் என்று தெரியவில்லை. விழித்தபோது கன்னம் சிமெண்டில் ஒட்டியிருந்தது. எங்கே இருக்கிறோம் என்று பிடிபடாமல், ஒரு கணம், எழுந்துபோய் முருங்கைக்குத் தண்ணீர் திருப்பிவிட வேண்டும் என்று நினைத்தாள். பிறகு பட்டியில் ஆடுகளின் சத்தம் கேட்டது, சுடலையம்மாள் ஒன்றைப் பேர் சொல்லி அதட்டுவது கேட்டது.

தூரத்தில் ரோட்டில் பஸ் ஹாரன் அடித்தது. ஐந்து மணி பஸ்தான். ஓடினால் பிடித்துவிடலாம். அவள் எழுந்திருக்கவில்லை. மறு கன்னத்தைத் தரையில் வைத்துத் திரும்பிப் படுத்தாள்.