ஏழாம் தகவலாளர்

“நீ காலேஜுக்கு வர வேணாம்பா. மாப்பிள்ளை வீட்டுக்காரங்க வராங்க. அவங்ககிட்ட நீ துபாய்ல இருக்கறதா சொல்லியிருக்கு,” என்றார் அற்புதம்மாள், மகனின் முகத்தைப் பாராமல்.

தங்கையின் புடவையை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்த ஆஸ்டின் சிரித்தான். “லீவுல வந்திருக்கேன்னு சொல்லுங்கம்மா. காந்தி மார்க்கெட்ல பேரீச்சம்பழம் வேணா வாங்கிட்டு வரேன்.”

“கிண்டல் பண்ணாதடா. பாப்பா கல்யாணம்டா.”

பக்கத்து அறையில் தங்கை ஜென்சி அதைக் கேட்டபடியே ஆய்வேட்டைப் பைக்குள் வைத்தாள்.

அன்று அவளது முனைவர் பட்டத்துக்கான வாய்மொழித் தேர்வு. சிறைக்குள் தனியார் நிறுவனத்துக்காக உழைக்கும் கைதியும் சட்டத்தின் முன் தொழிலாளியே, அவருக்கும் குறைந்தபட்ச ஊதியம் உண்டு என்பதே அவள் ஆய்வின் வாதம். அந்த வாதத்துக்கு உயிர் கொடுத்தவர், அவள் பேட்டி கண்டவர்களுள் ‘ஏழாம் தகவலாளர்’ என்று எண்ணால் மட்டும் குறிக்கப்பட்டவர். கைகலப்பு வழக்கொன்றில் வெளிமாநிலச் சிறையில் ஆறாண்டுகள் இருந்து, ஏதோ ஒரு நிறுவனத்துக்குச் சட்டை தைத்தவர். அவர் வேறு யாருமல்லர், ஆஸ்டின்தான்.

“உள்ள இருந்தப்ப நம்பர். உன் புத்தகத்துலயும் நம்பரா பாப்பா? என் பேரையே போடேன்,” என்று அவன் கேட்டதுண்டு.

“ஆராய்ச்சியில பேரு போடக் கூடாதுண்ணே. அதுதான் விதி,” என்று அவள் சொல்லிவிட்டாள்.

விதி அப்படி இல்லை. தகவலாளர் விரும்பினால் பெயரை வெளியிடலாம் என்று ஒப்புதல் படிவத்திலேயே ஒரு கட்டம் இருந்தது. ‘வெளியிட வேண்டாம்’ என்ற கட்டத்தில் குறியிட்டவள் ஜென்சி. படித்துப் பாராமல் கீழே கையெழுத்திட்டவன் ஆஸ்டின்.

கல்லூரி அரங்கில் மாப்பிள்ளை ரெஜிஸின் தந்தை தைரியராஜ் இரண்டாம் வரிசையில் அமர்ந்திருந்தார். ஜென்சி எல்லாக் கேள்விகளுக்கும் தெளிவாகவே விடையளித்தாள். இறுதியில் தேர்வாளர் மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார்.

“ஏழாவது தகவலாளர் இவ்வளவு தைரியமா பேசியிருக்காரு. பேரை மட்டும் ஏம்மா மறைக்கச் சொன்னாரு?”

ஜென்சியின் பார்வை தன்னையறியாமல் இரண்டாம் வரிசைக்குச் சென்று மீண்டது.

“ஊரு என்ன சொல்லுமோங்கற பயம் சார்,” என்றாள். பிறகு, “அவருக்கு,” என்று சேர்த்துக்கொண்டாள்.

தேர்வாளர் தலையசைத்தார். ஆய்வு நெறிகள் செம்மையாகப் பேணப்பட்டுள்ளன என்று அவரது அறிக்கை வாசிக்கப்பட்டபோது அரங்கம் கைதட்டியது.

தைரியராஜ் கண்களைத் துடைத்தபடி வந்தார். “அந்த ஆளு சொன்னதை நீங்க வாசிச்சப்ப மனசு ஆடிப்போச்சும்மா. ஜெயிலுக்குப் போனவங்களையும் மனுஷனா மதிக்கிற பொண்ணு! எங்க வீடு கொடுத்து வச்சிருக்கணும். வாங்க சம்பந்தி, உங்க வீட்டுல காபி குடிச்சிக்கிட்டே கல்யாணத்துக்கு நாள் குறிச்சிடுவோம்.”

அற்புதம்மாள் மகளைப் பார்த்தார். ஜென்சி படிக்கட்டு ஓரமாக ஒதுங்கி வீட்டுக்குப் போன் செய்தாள்.

“பாஸாயிட்டியா பாப்பா? என்னைப் பத்தி ஏதாச்சும் கேட்டாங்களா?”

“கேட்டாங்கண்ணே. ரொம்பப் பாராட்டினாங்க.”

“அப்படியா!” அவன் குரலில் இருந்த மகிழ்ச்சியை அவளால் தாங்க இயலவில்லை. பிறகு அவனே கேட்டான்: “அவங்க எல்லாம் நம்ம வீட்டுக்கு வராங்களா? வராங்கன்னா சொல்லு, நான் கிளம்பிடறேன்.”

“வராங்கண்ணே,” என்றார் முனைவர் ஜென்சி.