சொந்தக் குரலில் மூன்று நிமிடம்

பதினெட்டு வருடமாக அடுத்தவர் வாயசைப்புக்குக் குரல் கொடுத்துப் பிழைத்தவள் அந்த டப்பிங் கலைஞி. கதாநாயகி அழுதால் இவள் தொண்டை கட்டும். நகரத்தின் பாதி லிஃப்ட்டுகளில் "கதவு மூடுகிறது" என்று சொல்வதும் இவள்தான்.

குறும்படச் சங்கம் ஒன்று போட்டி வைத்தது. மூன்று நிமிடப் பரிசோதனைப் படம். தன்னைத் தானே படம்பிடிக்க வேண்டும். வரிந்துகட்டிக்கொண்டு இறங்கினாள். காலையிலேயே குளியலறைக் கண்ணாடி முன் கேமராவை நிறுத்தி, "இது நான்" என்றாள்.

போட்டுப் பார்த்தால் ஷாம்பு விளம்பரக் குரல். மறுபடி சொன்னாள், மகனைப் பறிகொடுத்த தாய். அடுத்தது சாட்சாத் லிஃப்ட். முப்பது தடவை எடுத்தும் சொந்தக் குரல் எதுவென்று அவளுக்கே பிடிபடவில்லை.

கணக்கு வாத்தியாரான கணவர் கதவைத் தட்டிவிட்டு உள்ளே தலையை நீட்டினார். "எட்டரைக்கு எனக்கு வகுப்பு. இன்னும் எத்தனை தரம்தான் இது நான், இது நான்னு சொல்லுவே?"

"நான் யாருன்னே தெரியாம தவிக்கிறேன், உங்களுக்குக் குளியல் கேக்குதா?"

"என்னைக் கேளு, சொல்றேன். ஈரத் துண்டை என் நாற்காலியில போடறவ."

"நானா? உங்க துண்டை எடுத்துக் காயப்போட்டே என் கை தேஞ்சு போச்சு! மனசாட்சி இருக்கா உங்களுக்கு?"

கேமரா ஓடிக்கொண்டே இருந்திருக்கிறது. அன்று மாலை ஹெட்ஃபோனில் அதைக் கேட்டவள், திரும்பத் திரும்ப ஓட்டினாள். கரகரப்பு, அவசரம், பாதி விழுங்கிய சொற்கள். தொழிலுக்கு வந்த முதல் வருடம் படாதபாடு பட்டுத் திருத்திக்கொண்ட பேச்சு அப்படியே இருந்தது. 'அடிப்பாவி, இத்தனை நாள் எங்கேடி இருந்தே?' என்று தன்னையே கேட்டுக்கொண்டாள். முப்பது "இது நான்"களையும் வரிசையாக ஒட்டி, கடைசியில் அந்தச் சண்டையைச் சேர்த்து அனுப்பிவிட்டாள்.

திரையிடலன்று அரங்கம் விழுந்து விழுந்து சிரித்தது. விளக்கு வந்ததும் நடுவர் மைக்கைப் பிடித்தார்.

"படம் அருமைம்மா. அந்தச் சண்டைக் காட்சியில மட்டும் குரல் ஒட்டலை. நல்ல டப்பிங் ஆர்ட்டிஸ்ட் யாரையாவது பேச வெச்சிருக்கலாம்."

"கேட்டுப் பார்த்தேன் சார்," என்றாள் அவள். "முப்பது தடவை பேசியும் அவங்களுக்கு இந்தப் பொம்பளையோட வாய் வரலை."

பரிசு வேறு யாருக்கோ போயிற்று. ஆனால் வெளியே கூட்டமெல்லாம் கணவரைச் சூழ்ந்துகொண்டு, எவ்வளவு இயல்பான நடிப்பு என்று கைகுலுக்கியது. அது நடிப்பில்லை என்று அவர் சொல்லவே இல்லை. "ஏதோ, கொஞ்சம் பயிற்சி," என்றார்.