இரண்டு சொட்டுக்கு ஒரு வெளிச்சம்

சீனித்தாய் கலை அறிவியல் கல்லூரியின் தாளாளர் தங்கதுரை அண்ணாச்சிக்குச் சாத்தான்குளத்தில் பெரிய பாத்திரக்கடை. எது நன்றாக மினுங்குகிறதோ அதைக் கடை வாசலில் தொங்கவிட வேண்டும் என்பது அவருடைய தொழில் நியாயம். வேம்பார் போகும் கடற்கரைச் சாலையில், உப்பளங்களுக்கு நடுவே, அம்மா பெயரில் கல்லூரி கட்டிய பிறகும் அந்த நியாயம் மாறவில்லை. ஆனால் கல்லூரியில் மினுங்குகிற பொருள் ஒன்றே ஒன்றுதான் இருந்தது. அது ஒரு கண்ணாடிக் குடுவைக்குள் இருந்தது.

அதைச் செய்தவர்கள் விஜிலாவும் அவள் கணவன் எபனேசரும். நாசரேத்தில் பள்ளிக்கூடத்தில் ஆரம்பித்து ஒன்றாகப் படித்து, ஒன்றாக ஆய்வுப் பட்டம் வாங்கி, ஒரே கல்லூரியில் சேர்ந்தவர்கள். லேபில் அவள் அவனை "சார்" என்பாள். தூத்துக்குடி மில்லர்புரத்து வீட்டுக்கு வந்து செருப்பைக் கழற்றியதும் "இங்கேருங்க" ஆகிவிடும்.

குடுவைக்குள் இருந்தவை பாக்டீரியாக்கள். கடல்தண்ணீரில் ஈயம் மட்டும் இருந்தால் அவை சும்மா கிடக்கும். பாதரசம் மட்டும் இருந்தாலும் சும்மா கிடக்கும். இரண்டும் சேர்ந்து இருந்தால்தான் இருட்டில் பச்சையாக ஒளிரும். கணினிச் சில்லில் மின்சாரம் போடுகிற கணக்கை ஓர் உயிருள்ள செல் தன் வயிற்றுக்குள் போட்டது. குடுவைக்குப் பக்கத்தில் ஒரு பெட்டி. உள்ளே பச்சை வெளிச்சத்தை மட்டும் உணரும் ஒரு கண், ஒரு சிம் கார்டு. செல் ஒளிர்ந்தால் பெட்டி யாருக்காவது செய்தி அனுப்பும். முத்துச்சிப்பி கிடக்கிற கடலடிப் பாறைத் திட்டுகளான பார்களில் இதை மிதக்கவிட வேண்டும் என்பது எபனேசரின் ஆசை.

"இதுக்கு ஒரு நேரத்துச் சாப்பாடு குடுத்தாப் போதும்ளா. ரீசார்ஜ்கூட வேண்டாம்" என்பான்.

ஆனால் அந்தக் கணக்கைச் சுமப்பது செல்லுக்குப் பெரிய பாரம். கூட்டத்தில் ஒரு செல் தற்செயலாக அதை இறக்கிப் போட்டுவிட்டால், அது மற்றவற்றைவிட வேகமாகத் தின்னும், வேகமாகப் பெருகும். கொஞ்ச நாளில் குடுவை முழுக்க அதன் பிள்ளைகுட்டிகள்தான். அதனால் தீனியோடு ஒரு மருந்தையும் கலந்து வைப்பார்கள். கணக்கைச் சுமக்கிற செல்லை அந்த மருந்து ஒன்றும் செய்யாது. இறக்கிப் போட்டதைக் கொன்றுவிடும். தவிர, நல்ல சரக்கில் கொஞ்சத்தைச் சின்னச் சின்னக் குழாய்களில் அடைத்து உறைபெட்டியில் வைத்திருந்தார்கள். குடுவை கெட்டாலும் அதிலிருந்து மறுபடி வளர்த்துக்கொள்ளலாம்.

வைகாசியில் எபனேசரின் ஈரலில் கட்டி என்றார்கள். ஆஸ்பத்திரிக் கட்டிலில் லேப்டாப்பை மடியில் வைத்துக்கொண்டு பெட்டிக்கான வேலையை முடித்தான். ஆனி முடிவதற்குள் அவனும் முடிந்துபோனான்.

விஜிலா நாசரேத்தில் அம்மா ஜெயபாய் வீட்டில் கிடந்தாள். ஞாயிறு ஆராதனைக்குக் கோவிலுக்கு வந்த பெண்கள் முதலில் கட்டிப்பிடித்து அழுதார்கள். பிறகு, "பரவாயில்லையே, முகம் கொஞ்சம் தெளிஞ்சிருக்கு" என்று ஜெயபாயிடம் சொன்னார்கள். அது பாராட்டா குற்றச்சாட்டா என்று விஜிலாவுக்குப் பிடிபடவில்லை. அவளுக்கு ஒரே ஒரு நினைப்புதான் இருந்தது. அவன் கையால் செய்ததில் உயிரோடு இருப்பது அந்தக் குடுவை ஒன்றுதான். பிள்ளை இல்லை. ஆவணி பிறந்ததும் பஸ் ஏறினாள்.

கல்லூரி வாசலிலேயே பிளக்ஸ் பலகை வரவேற்றது. 'உலகின் முன்னோடி உயிர்க் கணினி மையம் திறப்பு விழா.' படத்தில் ஒரு செல்போன் டவரும் ஒரு பாக்டீரியாவும் கைகுலுக்கிக்கொண்டிருந்தன. பாக்டீரியாவுக்கு வேட்டி கட்டாததுதான் குறை. தாளாளர் படம் டவரைவிடப் பெரிது. எபனேசரைத் தேடினாள். கீழே, பந்தல் காண்ட்ராக்டர் பெயருக்குச் சற்று மேலே, அவன் பெயரைப் போட்டு அஞ்சலி என்றிருந்தார்கள்.

லேபில் முத்துச்செல்வம் எழுந்து நின்றார். விலங்கியல்காரர், அவள் இல்லாதபோது குடுவையைப் பார்த்துக்கொண்டவர்.

"மேடம், பாருங்க. இளநி மாதிரி இருந்தது இப்ப கஞ்சி மாதிரி ஆயிட்டு. என்னா வளர்ச்சி! அண்ணாச்சி தினம் வந்து பாத்துட்டுப் போறாங்க."

"மருந்து கலந்தீங்களா சார்?"

"அது தீந்துட்டு மேடம். பில்லுல கையெழுத்து வாங்கப் போனேன். ஆடி கழியட்டும்னுட்டாங்க. ஆனா ஒண்ணும் ஆவல பாத்தீங்களா? நோய் இல்லாததுக்கு என்னத்துக்கு மருந்து?"

அவள் கஞ்சியில் கொஞ்சத்தை எடுத்து, ஈயத்தில் ஒரு சொட்டும் பாதரசத்தில் ஒரு சொட்டும் விட்டு, விளக்கை அணைத்துவிட்டு உட்கார்ந்தாள். ஒளிர ஒரு மணி நேரம் பிடிக்கும். இரண்டு மணி நேரம் உட்கார்ந்தாள். இருட்டு இருட்டாகவே இருந்தது.

உறைபெட்டி இருந்த இடத்தில் ஒரு மணிபிளாண்ட் தொட்டி இருந்தது.

"கன்னிமூலைக்கு மாத்தியாச்சு மேடம்" என்றார் அட்டெண்டர் சுடலைக்கண்ணன். "ஆனி கடைசியில திருச்செந்தூர்லருந்து வாஸ்துக்காரர் வந்தாரு. பாரமான பெட்டி ஈசான மூலையில இருக்கலாமான்னு ஒரு சத்தம் போட்டாரு பாருங்க, அண்ணாச்சி அன்னைக்கே தூக்கச் சொல்லிட்டாங்க."

பெட்டி புது மூலையில் உறுமிக்கொண்டிருந்தது. உள்ளே பனி. விஜிலாவுக்கு மூச்சு வந்தது. ஒரு குழாயை எடுத்து வெளிச்சத்தில் பிடித்தாள். அடுத்ததை எடுத்தாள். எல்லாவற்றையும் எடுத்தாள். அவர்கள் நிமிர்த்தி வைத்து உறையவிட்ட குழாய்கள். இப்போது எல்லாவற்றிலும் பனிக்கட்டி சாய்வாக நின்றது. தூக்கிவரும்போது தட்டு சரிந்திருக்கிறது. உள்ளிருந்தது உருகி, சாய்ந்து, பிறகு மறுபடி உறைந்திருக்கிறது.

"அண்ணாச்சி, இங்கன கரெண்டு எப்ப குடுத்தாங்க?" என்று அட்டெண்டரிடம் கேட்டாள்.

சுடலைக்கண்ணன் தலையைச் சொறிந்தார். "இந்த மூலையில ப்ளக் பாயிண்ட் இல்லைலா மேடம். செவத்தைக் கொத்தணும். ஆடியில யாரு கொத்துவா? ஆவணி ஒண்ணாந்தேதி காலையில முதல் வேலையா பூசை போட்டுக் குடுத்துட்டோம்."

ஆடி மாதம் முழுக்க, தூத்துக்குடி வெயிலில், பூட்டிய பெட்டிக்குள் அவை வெந்திருக்கின்றன. ஆனாலும் அவள் ஒவ்வொரு குழாயிலிருந்தும் எடுத்துத் தீனித் தட்டுகளில் தேய்த்துப் பார்த்தாள். மறுநாள் தட்டுகள் துடைத்துவைத்த மாதிரி இருந்தன. அதற்கடுத்த நாளும் அப்படியே.

தாளாளர் அறையில் ஊதுபத்தி வாசனை. அவர் நல்ல மனிதர். அவளைப் பார்த்ததும் எழுந்து நின்றார். விசிறியை அவள் பக்கம் திருப்பிவிட்டார்.

"உங்க நல்லதுக்குத்தான் டீச்சர் மாத்தினேன். ஈசானத்துல பாரம் இருந்தா குடும்பத் தலைவனுக்கு ஆவாதுன்னு அந்த ஆளு சொன்னான். எனக்குப் பதறிட்டு. முந்தியே கூப்பிட்டுக் காட்டியிருந்தா எபனேசர் சார் இருந்திருப்பாரேன்னு ராத்திரி தூக்கமில்ல."

அவன் செத்ததற்குக் காரணம் கண்டுபிடித்து, பரிகாரமும் செய்து முடித்திருந்தார்கள். அந்தப் பரிகாரத்தில்தான் மிச்சமிருந்தது செத்தது.

"திரும்பச் செஞ்சுக்கலாம்லா?"

"செய்யலாம் சார். அதோட டி.என்.ஏ. எழுத்து பூரா கம்ப்யூட்டர்ல இருக்கு. ஐதராபாத்துல கம்பெனிக்கு அனுப்பினா செஞ்சு கவர்ல போட்டு அனுப்புவாங்க."

"பெறகென்ன?"

பிறகு ஒன்றுமில்லைதான். கம்பெனிக்காரன் செய்தது கம்பெனிக்காரன் செய்ததாக இருக்கும், அவ்வளவுதான்.

"விழாவைத் தள்ளி வையுங்க சார்."

"ஏது! சென்னையிலருந்து சிறப்பு விருந்தினர் வாராரு. முகூர்த்தம் குறிச்சாச்சு. எரியணும், அவ்வளவுதான? சுடலைக்கண்ணா! குடுவைக்குப் பின்னால ஒரு பச்சை பல்பு மாட்டுலே. சீரியல் பல்பு வேண்டாம், மினுக் மினுக்குன்னு அசிங்கமா இருக்கும்."

"நான் மேடைக்கு வரல சார்."

"நீங்க இல்லாம எப்படி? எபனேசர் சார் ஆத்மா சாந்தியடையாண்டாமா?" என்றார், உண்மையாகவே கண் கலங்கி.

அவள் போனாள். பல்லைக் கடித்துக்கொண்டு ஓரத்து நாற்காலியில் உட்கார்ந்தாள். குத்துவிளக்கு, வரவேற்புரை, பொன்னாடை. பொன்னாடைக்குப் பதில் பொன்னாடை. உயிருள்ள செல் ஒளிர்வதற்கு வேண்டிய ஒரு மணி நேரத்தை வாழ்த்துரைகளே தாராளமாகத் தந்திருக்கும். பல்புக்கு அது தேவைப்படாதபோதும் யாரும் ஒரு வாக்கியம்கூடக் குறைக்கவில்லை.

சிறப்பு விருந்தினர் ஈயச் சொட்டுக்குழாயைப் பிடித்தார். விளக்குகள் அணைந்தன. முதல் சொட்டு விழுந்தது. யாரோ கைதட்டினார்கள். திரைக்குப் பின்னால் ஒன்றும் தெரியாமல் நின்ற சுடலைக்கண்ணன் கைதட்டலையே சைகையாக எடுத்துக்கொண்டு சுவிட்சைப் போட்டுவிட்டார். குடுவை பச்சையாக எரிந்தது. இரண்டாவது சொட்டுக்கென்று கொடுத்திருந்த பாதரசக் குழாய் இன்னும் விஜிலா கையில் இருந்தது. அதை யாரும் கேட்கவில்லை.

அரங்கம் அதிர்ந்தது. பெட்டி தன் வேலையைச் செய்தது. விருந்தினரின் போன் முருகன் பாட்டுப் பாடியது. அவருக்கென்று தாளாளர் தாமே எழுதிக் கொடுத்திருந்த செய்தி நீளமானது; பெட்டியோ ஒரு வரிக்கு மேல் அனுப்பாது. விருந்தினர் சத்தமாகப் படித்தார்: "பெருமதிப்பிற்கும் பேரன்பிற்கும் உரிய, கல்விக் காவலர், தென்னகத்தின் விடிவெள்ளி—" அத்தோடு முடிந்துவிட்டது. தண்ணீரில் என்ன இருக்கிறது என்று வரவில்லை. வேறு எதுவும் வேண்டியிருக்கவில்லை என்பது அவர் முகத்தில் தெரிந்தது.

அப்போது விஜிலாவின் போனும் அதிர்ந்தது. அம்மாவாக இருக்கும் என்று எடுத்தாள். பெட்டியின் நம்பர்.

'ஏளா விஜி, ரெண்டும் வந்தாச்சு. வந்து பாரு.'

ஆஸ்பத்திரிக் கட்டிலில் இருந்து பெட்டிக்குள் எழுதி வைத்திருக்கிறான். முதல் நம்பராக அவள் நம்பர். அதை அவளிடம் சொல்லவே இல்லை. ஒளிரும்போது தானாக வரட்டும் என்று இருந்திருப்பான். விருந்தினர் நம்பரைச் சேர்த்தவர்கள் பழையதை அழிக்காமல் விட்டிருக்கிறார்கள்.

விளக்குகள் வந்தன. தாளாளர் மைக்கில், "நம்ம டீச்சர் அழுறாங்க பாருங்க, ஆனந்தக் கண்ணீர்" என்றார்.

கூட்டம் கலைந்து சாப்பாட்டுப் பந்திக்குப் போனது. விஜிலா மேடையிலேயே நின்றாள். முத்துச்செல்வம் தயங்கித் தயங்கி வந்தார். "மேடம், கஞ்சியை என்ன செய்ய? லேபுக்கு எடுத்துட்டுப் போய்த் தொடர்ந்து தீனி போடட்டுமா?"

"வேண்டாம் சார். பிளீச்சிங் பவுடர் கொண்டாங்க."

"நல்லா வளர்ந்திருக்கே மேடம்."

"அதான் சார். ஒண்ணையும் ஞாபகம் வச்சுக்கிடல, நல்லா வளர்ந்துட்டு."

அவளே குடுவைக்குள் கரைசலை ஊற்றினாள். கஞ்சி மெல்லத் தெளிந்தது. மூக்கு எரிந்தது. சுடலைக்கண்ணன் ஸ்குரூ டிரைவரோடு வந்து குடுவைக்குப் பின்னால் குனிந்தார்.

"நகருங்க மேடம், பல்பைக் கழட்டிருதேன். அங்கன பாயசம் தீந்துரும்."

"கழட்டாண்டாம் அண்ணாச்சி." பெட்டியின் செய்தி திறந்தே இருந்த போனை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். "சுவிட்சை இன்னொருக்கப் போடுங்க."

"என்னத்துக்கு? எல்லாரும்தான் போயாச்சே."

"சும்மா போடுங்க."

அவர் போட்டார்.