சிவப்புக் கோடு

எனக்கு என் வாய்தான் எதிரி. அம்மா இதைச் சொன்னபோது அம்மாவோடும் சண்டை பிடித்தவள் நான்.

கல்யாணம் கட்டி ஜெர்மனிக்கு, இந்த வுப்பர்டால் நகரத்துக்கு வந்து பத்தொன்பது வருஷம். விடிய ஐந்து மணிக்கு நான் ஒரு முதியோர் இல்லத்துக்குத் துப்புரவு வேலைக்குப் போய்விடுவேன். என் மனுஷன் கணேசலிங்கம் மத்தியானம் ஒரு மணிக்குத் தொழிற்சாலைக்குப் போவார். இரண்டு மணிக்கு நான் வரும்போது அவர் இருக்கமாட்டார். அவர் வைத்த சோறு குக்கரில் சூடாக இருக்கும். சூடாக இருந்து என்ன, களியாகவும் இருக்கும்! இத்தனை வருஷமாகியும் தண்ணீர் அளவு பிடிபடாத மனுஷன். நானும் விடமாட்டேன். வந்ததும் வராததுமாகப் போனில் ஏசிப் பதிந்து அனுப்புவேன். இடைவேளையில் கேட்டுவிட்டு, "சரியப்பா, நாளைக்குப் பாப்பம்" என்று பதில் அனுப்புவார்.

அந்தச் செவ்வாய்க்கிழமை குனிந்து குனிந்து தரை துடைத்து எனக்கு நாரி முறிந்துவிடும்போல வலி. சப்பாத்தைக்கூடக் கழற்றவில்லை. குக்கர் மூடியையும் திறக்கவில்லை. திறந்து என்னத்தைப் பார்க்க? நேரே போனை எடுத்துப் பதிந்து அனுப்பினேன்.

"இண்டைக்கும் களிதானே கிண்டி வச்சிருக்கிறியள்? ஒரு சோறு வைக்கத் தெரியாத உங்களைக் கட்டி நான் என்னத்தைக் கண்டன்!"

அதை அவர் கேட்கவேயில்லை. மூன்று மணிக்குத் தொழிற்சாலையிலிருந்து அழைத்தார்கள். மெஷினுக்குப் பக்கத்தில் விழுந்துவிட்டாராம். நான் ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேர முதலே எல்லாம் முடிந்துவிட்டது.

பின்னேரம் வீடு நிறையச் சனம். செத்த வீட்டில் அடுப்பு மூட்டுவதில்லை, சமைத்ததையும் வைத்திருப்பதில்லை. மேல்மாடிச் சுந்தரேஸ்வரி அக்கா குக்கரைத் தூக்கினார்.

"அக்கா, அதிலை கை வைக்காதேங்கோ!"

"கொட்டவேணும் பிள்ளை. வீட்டுக்கு ஆகாது."

"இனி எனக்கு என்ன ஆகவேணும்?"

பறித்து மூடியைத் திறந்தேன். ஐயோ, சோறு பூப்போல உதிர்ந்து கிடந்தது. ஒரு பருக்கைகூடக் குழையவில்லை.

மகள் ஆதிரை தண்ணீர் அளக்கும் கப்பைக் கொண்டுவந்து காட்டினாள். அதில் நெயில் பொலிஷால் ஒரு சிவப்புக் கோடு.

"நேற்று அப்பா என்னைக் கொண்டு கீறுவிச்சவர். உங்களுக்குச் சொல்லவேண்டாமாம். நாளைக்கு அம்மா என்ன சொல்லுறா எண்டு பாப்பம் எண்டு சிரிச்சவர்."

குசினித் தரையில் குந்தியிருந்து அந்தச் சோற்றைக் கறியில்லாமல் அள்ளி அள்ளிச் சாப்பிட்டேன். யாரும் தடுக்கவில்லை. பிறகு போனை எடுத்து, "சோறு நல்லாயிருக்கப்பா" என்று பதிந்து அனுப்பினேன்.

ஆஸ்பத்திரியில் தந்த பைக்குள் அவருடைய போன் ஒருமுறை சிணுங்கியது.